விழுப்புரத்தில் நின்ற மின்கம்பி: கடலூர்–சிதம்பரம் மெயின் லைனின் தாமதம் குறித்து

சென்னைக் கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே மின்ரயில் 1931இல் ஓடத் தொடங்கியது. கடலூர், சிதம்பரம் வழியாகத் தஞ்சாவூர் செல்லும் மெயின் லைனில் மின்கம்பி ஏறியது 2019–20இல்தான். ஏறக்குறைய தொண்ணூறு ஆண்டு நீண்ட இந்த இடைவெளிக்கு வழக்கமாக ஒரே காரணம் சொல்லப்படுகிறது. 1920களின் இறுதியில் விழுப்புரம்–விருத்தாசலம்–திருச்சி கார்டு லைன் திறக்கப்பட்டது. தென்மாவட்ட வண்டிகள் குறுக்குவழிக்கு மாறின. மெயின் லைன் பெயரளவில் மெயின் லைனாகி உண்மையில் கிளைப்பாதை ஆயிற்று. வண்டி குறைந்த பாதையில் மின்சாரத்துக்குச் செலவிட ரயில்வே முன்வரவில்லை. எளிதில் ஏற்கத்தக்கதாகத் தோன்றும் இவ்விளக்கம் ஆண்டுவரிசையோடு ஒத்துப்போகவில்லை.

பாதையின் தொடக்கமே வேறொரு காரணத்தைக் காட்டுகிறது. நாகப்பட்டினம்–திருச்சிப் பாதை 1860களின் தொடக்கத்தில் அகலப்பாதையாக இடப்பட்டது. 1874இல் தென்னிந்திய ரயில்வே உருவானதை அடுத்து அது மீட்டர் கேஜாகக் குறுக்கப்பட்டது. 1870களின் பிற்பகுதியில் விழுப்புரம், கடலூர், சிதம்பரம், மாயவரம் (இன்றைய மயிலாடுதுறை) வழியாக அமைந்த பாதையோ முதலிலிருந்தே மீட்டர் கேஜ். செலவைக் குறைக்க அன்று எடுத்த இந்த முடிவு, மின்சாரம் வரும் காலத்தையும் நிர்ணயித்தது என்பதே இங்கு முன்வைக்கப்படும் கருத்து.

1931ஆம் ஆண்டுத் தொடக்கத்துக்கு ஏப்ரல் 2, மே 11 என இரு தேதிகள் வழங்குகின்றன. முன்னதைத் தொடக்க விழாவாகவும் பின்னதைப் பொதுமக்கள் சேவை தொடங்கிய நாளாகவும் கொண்டால் முரண் தீரும். எனினும் இதை ஊகமாகவே கொள்வது நல்லது. தேதியைவிட முக்கியமானது அத்திட்டத்தின் அமைப்பு. கம்பியோடு கூடப் புறநகர் வண்டிகளுக்கெனத் தனித் தண்டவாளங்களும் அப்போது இடப்பட்டன. மின்தொடர் வண்டிக்குக் கடைசி நிலையத்தில் இன்ஜினைக் கழற்றித் திருப்பும் வேலை இல்லை. நின்று எழும்போது வேகமும் சீக்கிரம் பிடிக்கும். அதனால் அடுத்தடுத்து நிலையங்கள் வைத்து, அடிக்கடி வண்டி விட முடிந்தது. மாம்பலத்திலோ தாம்பரத்திலோ குடியிருந்து சீசன் டிக்கெட்டில் ஜார்ஜ் டவுன் அலுவலகத்துக்குப் போய்வரும் குமாஸ்தாவின் வாழ்க்கை இந்த ஏற்பாட்டில் வேரூன்றியது.

1960களின் நடுவில் 25 கிலோவோல்ட் மாறுமின்சாரம் தாம்பரத்தைத் தாண்டி விழுப்புரம் வரை வந்தது. ஆண்டு 1965 என்றும் 1967 என்றும் குறிக்கப்படுகிறது. பணி கட்டம் கட்டமாக முடிந்ததும், கடற்கரை–தாம்பரம் இடையிலான பழைய 1,500 வோல்ட் நேர்மின்சாரப் பகுதி தனியே மாற்றப்பட்டதும் இந்த வேறுபாட்டுக்குக் காரணமாக இருக்கலாம். நாட்டிலேயே மின்மயமாக இருந்த மீட்டர் கேஜ் பாதை இது ஒன்றுதான். அதன் தென்முனையிலிருந்து கடலூர் துறைமுகச் சந்திப்பு, பழைய வழக்கில் கடலூர் ஓ.டி., ஐம்பது கிலோமீட்டருக்கும் குறைவு.

கார்டு லைன் விளக்கத்தைச் சோதிக்கவேண்டிய இடம் இதுவே. போக்குவரத்துக் குறைவுதான் தடை என்றால், போக்குவரத்து நிறைந்திருந்த கார்டு லைனில் கம்பி உடனே நீண்டிருக்க வேண்டும். நீளவில்லை. 1977இல் தொடங்கிய வைகை எக்ஸ்பிரஸ் போன்ற முதன்மை வண்டிகள்கூட விழுப்புரத்துக்குத் தெற்கே டீசலில்தான் போயின. திருச்சி வரை கம்பி வர 2010 வாக்கில் ஆயிற்று. வண்டி மிகுந்த பாதையும் வண்டி குறைந்த பாதையும் நாற்பது ஆண்டுக்கு மேல் ஒரே நிலையில் காத்திருந்தன என்றால், இரண்டுக்கும் பொதுவான காரணத்தையே தேட வேண்டும். அந்தப் பொதுக்காரணம் மீட்டர் கேஜ்.

இதற்கு ஒரு பொருட்சான்று உண்டு. விழுப்புரம் பாதைக்காக 1960களின் நடுவில் ஜப்பானிலிருந்து வந்தவை ஒய்.ஏ.எம்.1 வகை மின்இன்ஜின்கள், மொத்தம் 20. அகலப்பாதையில் 1959இல் வந்த டபிள்யூ.ஏ.எம்.1 வகைக்குப் பின் அதே வரிசையில் 2, 3 வந்து, 1970 அளவில் உள்நாட்டுச் சித்தரஞ்சன் இன்ஜின் ஆலையிலேயே கட்டிய டபிள்யூ.ஏ.எம்.4 வரை தொடர்ந்தது. மீட்டர் கேஜ் வரிசையில் ஒன்றுக்கு அடுத்து இரண்டு இல்லை. அந்த இருபதுக்கு மேல் இருபத்தொன்றாவது இன்ஜினும் இல்லை. பாதையை நீட்ட எண்ணியிருந்தால் இன்ஜின் வேண்டும். இன்ஜின் வாங்கவோ கட்டவோ இல்லையென்றால் நீட்டும் எண்ணமே இல்லை. இது சூழ்நிலைச் சான்றுதான். ஆயினும், நாளை அகலப்படுத்தப்போகும் பாதையில் இன்று கம்பமும் கம்பியும் நட்டால் செலவு இரட்டிப்பாகும் என்ற கணக்கோடு சேர்த்துப் பார்த்தால் இதன் வலுவை மறுக்க முடியாது.

வழக்கமான விளக்கம் முழுதும் தவறென்று தள்ளவும் வேண்டியதில்லை. 1992இல் ஒரே கேஜ் திட்டம் வந்தபின் எதை முதலில் அகலப்படுத்துவது என்பதைப் போக்குவரத்தே முடிவு செய்தது. கார்டு லைன் 1990களின் இறுதியில் அகலமாயிற்று. மெயின் லைனின் விழுப்புரம்–மயிலாடுதுறைப் பகுதி 122 கிலோமீட்டர். 2006 இறுதியில் பணிக்காக மூடப்பட்டு 2010இல்தான் திறந்தது. கடைசிப் பத்தாண்டுத் தாமதத்துக்குக் கார்டு லைன் பொறுப்பு; முந்தைய நாற்பதுக்கு அல்ல.

மக்கள் வாழ்வில் இதன் விளைவு விழுப்புரம் சந்திப்பில்தான் தெளிவாகத் தெரிந்தது. எழும்பூரிலிருந்து மின்இன்ஜினோடு வந்த வண்டி அங்கே நிற்கும். கம்பியைத் தொடும் சட்டம் கீழிறங்கும். இன்ஜின் கழன்று விலகும். நீராவி இன்ஜினோ, பின்னாளில் டீசலோ பின்னோக்கி வந்து கொக்கி மாட்டும். பிரேக் சரிபார்த்த பிறகே பச்சைக்கொடி. சிதம்பரத்துக்கு ஆருத்ரா தரிசனத்துக்குப் போகிறவர்களும், 1929இல் தோன்றிய அண்ணாமலைப் பல்கலைக்கழகத்துக்குப் பெட்டிபடுக்கையோடு வந்த மாணவர்களும் இந்தக் காத்திருப்பைப் பயணத்தின் பகுதியாகவே ஏற்றிருந்தனர். கடலூரை அடுத்த நெய்வேலி 1962 முதல் மின்சாரம் தந்தும், அதே மாவட்டத்தின் வண்டிகள் கரியிலும் டீசலிலுமே ஓடின. பாதை மூடிக்கிடந்த மூன்று ஆண்டுக்கு மேலான காலத்தில் சிதம்பரத்துக்கு ரயிலே இல்லை. பேருந்துக்குப் பழகிய அன்றாடப் பயணி, பாதை திறந்ததும் முழுதாக ரயிலுக்குத் திரும்பிவிடவில்லை. பேருந்து நினைத்த நேரத்தில் கிடைக்கிறது. ரயில் நாளுக்குச் சில முறைதான்.

கம்பி வந்ததும் விழுப்புரத்தில் இன்ஜின் மாற்றுவதற்கான காரணம் நீங்கியது. மெமு வகை மின்தொடர் வண்டிகளுக்கும் வழி பிறந்தது. ஆனால் தாம்பரத்தில் 1931இல் நேர்ந்த மாற்றத்தை இங்கே எதிர்பார்ப்பவர்கள், அன்று கம்பியோடு தனித் தண்டவாளமும் வந்ததை மறந்துவிடக்கூடாது. கடலூர்–சிதம்பரம் பாதை மின்மயமான பின்னும் ஒற்றைப் பாதை. ஆலப்பாக்கம், புதுச்சத்திரம், பரங்கிப்பேட்டை, கிள்ளை ஆகிய ஊர்களைக் கடக்கும் வண்டி, எதிர்வண்டி வந்தால் கிராஸிங்குக்கு ஒதுங்கித்தான் நிற்க வேண்டும். சிதம்பரத்தில் குடியிருந்து கடலூரில் வேலை பார்ப்பவர் சீசன் டிக்கெட்டை நம்பி வாழவேண்டுமானால் அரைமணிக்கொரு வண்டியாவது வேண்டும். அதற்கு இரண்டாவது தண்டவாளம் வேண்டும்.