சாதியின் பெயரை நீக்கும் தணிக்கை: சட்டம் சொல்வது என்ன?

ஜோதிராவ், சாவித்திரிபாய் இணையரின் வாழ்வைக் கூறும் ‘புலே’ என்ற இந்தித் திரைப்படம், ஜோதிராவின் பிறந்தநாளான 2025 ஏப்ரல் 11 அன்று வெளியாகவிருந்தது. மகாராட்டிரத்தில் சில பார்ப்பன அமைப்புகள் எதிர்த்ததையடுத்து, வெளியீடு ஏப்ரல் 25க்குத் தள்ளிப்போனது. திரைப்படச் சான்றிதழ் வாரியமோ ‘மகர்’, ‘மாங்’, ‘பேஷ்வாய்’ ஆகிய சொற்களை நீக்கச் சொல்லியிருந்தது.

இவை வசைச்சொற்கள் அல்ல, வரலாற்றுப் பெயர்கள். புலே இணையரின் பள்ளியில் பயின்ற மாங் சமூகச் சிறுமி முக்தா சால்வே, 1855இல் மராத்தியில் எழுதிய கட்டுரை மாங், மகர் மக்களின் துயரத்தைப் பற்றியது. தம் மக்களின் பெயரைச் சொல்லியே அவர் நீதி கேட்டார். அப்பெயர்களை அழித்தால் சாதி அழிவதில்லை. ஒடுக்கப்பட்டவர் யார், ஒடுக்கியவர் யார் என்ற சான்றுதான் அழிகிறது.

அரசமைப்புச் சட்டத்தின் 19(1)(அ) பிரிவு கருத்துரிமையை வழங்குகிறது. 19(2) பிரிவு அதன் மீது நியாயமான கட்டுப்பாடுகளை மட்டுமே அனுமதிக்கிறது. திரைப்படத்துக்கான முன்தணிக்கை செல்லும் என்று கே.ஏ.அப்பாஸ் வழக்கில் 1970இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனினும், தணிக்கைக்கும் வரம்பு உண்டு. 1991ஆம் ஆண்டின் வழிகாட்டு நெறிகள், எந்தப் படத்தையும் அதன் முழுமையான தாக்கத்தைக் கொண்டே மதிப்பிட வேண்டும் என்கின்றன. சாதியை எதிர்க்கும் படத்தில் சாதிப் பெயரை மட்டும் பிரித்தெடுத்துக் குற்றம் காண்பது இந்நெறிக்குப் புறம்பானது.

எதிர்ப்பாளர்களின் மிரட்டலுக்கும் சட்டத்தில் விடை உண்டு. இடஒதுக்கீட்டை விமர்சித்த ‘ஒரே ஒரு கிராமத்திலே’ படத்தின் சான்றிதழைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 1989இல் அதை மீட்டளித்த உச்ச நீதிமன்றம், வன்முறை அச்சத்தைக் காட்டி அரசு கைவிரிக்கக் கூடாது, கருத்துரிமையைக் காப்பது அதன் கடமை என்றது. நமக்கு உடன்பாடற்ற படத்தின் வழக்கில் பிறந்த நெறி இது. ஆனால், நெறி ஒருசாராருக்கு மட்டும் உரியதன்று. தலித் கலைஞரும் அதே காப்பைக் கோரலாம்.

நடைமுறையில் அக்காப்பு எட்டாத் தொலைவில் இருக்கிறது. திரைப்படச் சான்றிதழ் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2021இல் கலைக்கப்பட்டது. வாரியத்தின் முடிவை எதிர்ப்பவர் இனி உயர் நீதிமன்றத்தைத்தான் நாட வேண்டும். பெருநிறுவனங்கள் அச்செலவைத் தாங்கும்; கடன் வாங்கிப் படமெடுத்தவர், வெளியீட்டு நாள் தவறிவிடுமோ என்று அஞ்சி வெட்டுக்கு இணங்கிவிடுவார். எனவே, நீக்கச் சொல்லும் ஒவ்வொரு சொல்லுக்கும் காரணத்தை எழுத்தில் கேட்டுப் பெறுவது முதல் வேலை. அந்தத் தாள்தான் நாளை நீதிமன்றத்தில் நமக்கு ஆவணம்.