கனவில் வந்தவர் யார்? காவிரிப் படுகையில் கனவுருக்களுக்குப் பொருள் கண்ட வரலாறு

தஞ்சாவூர்ப் பக்கத்துக் கிராமங்களில் காலையில் எழுந்ததும் ஒரு கனவைச் சொன்னால், வீட்டுப் பெரியவர்கள் முதலில் கேட்பது “யாரு வந்தா?” என்றுதான். வந்தவள் பேசினாளா, தலை ஈரமாக இருந்ததா, என்ன நிறத்தில் சேலை, எந்தப் பக்கம் போய் மறைந்தாள் என்று விசாரணை நீளும். பல் விழுந்தால் என்ன, பாம்பு துரத்தினால் என்ன என்பதற்கெல்லாம் பஞ்சாங்கத்தில் பலன் இருக்கிறது. முகம் தெரியாத ஒருவர் கனவில் வந்து நின்றால் பஞ்சாங்கத்தைப் புரட்டுவதில்லை, ஆளைத் தேடுகிறார்கள். இந்த விசாரணைக்கும் ஒரு வரலாறு உண்டு. பலன் நூல்களின் வழியிலிருந்து அது எப்போது, எப்படிப் பிரிந்தது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

சங்கப் பாடல்களில் கனவு பெரும்பாலும் காதலர் சந்திக்கும் இடம். தீக்கனவு அரசியலில் வருகிறது. சோழன் குளமுற்றத்துத் துஞ்சிய கிள்ளிவளவனைக் கோவூர்கிழார் பாடிய புறநானூற்று 41ஆம் பாட்டு, அவன் பகைவர் நாட்டு மக்கள் காணும் கனவுகளை அடுக்குகிறது: பல் நிலத்தில் விழுகிறது, எண்ணெய் தேய்த்து முழுகுகிறார்கள், கட்டில் கவிழ்கிறது. அத்தனையிலும் வெளியிலிருந்து வந்து நிற்கும் ஆள் எவருமில்லை. பொருள்களும் செயல்களுமே குறிகள்.

ஆள் வருவது சிலப்பதிகாரத்தில். காவிரி கடலோடு கலக்கும் புகாரில் கண்ணகி தன் கனவைத் தேவந்தியிடம் சொல்கிறாள். கோவலன் கைபிடித்து அழைத்துப் போக, இருவரும் ஒரு பெரிய ஊருக்குள் நுழைகிறார்கள். அவ்வூரார் தம்மேல் ஒரு பழியைத் தேளைப் போல இடுகிறார்கள். கோவலனுக்குத் தீங்கு நேர்ந்தது என்று கேட்டு அவள் அரசன் முன் போய் வழக்குரைக்கிறாள். அரசனுக்கும் ஊருக்கும் கேடு வருகிறது. அந்த ஊரின் பெயரும் இல்லை, பழி சொன்னவர்களின் முகமும் இல்லை. கேட்கும் தேவந்தி யாரென்பதைக் கவனிக்க வேண்டும். பாசண்டச் சாத்தன் என்னும் தெய்வம் மனித வடிவில் வந்து அவளோடு எட்டாண்டு வாழ்ந்து மறைந்தது. இளங்கோ இந்தக் கனவைச் சொல்வதற்கு இப்படி ஒரு பெண்ணைத் தேர்ந்தெடுத்தது தற்செயலாகத் தெரியவில்லை. இருந்தும் தேவந்தி கனவில் வந்தவர்களைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. முற்பிறப்பில் கணவனுக்காகச் செய்ய வேண்டிய நோன்பு தவறியதன் விளைவு என்று காரணம் சொல்கிறாள். சோமகுண்டம், சூரியகுண்டம் என்னும் துறைகளில் நீராடிக் காமவேள் கோட்டத்தைத் தொழச் சொல்கிறாள். அது பெருமையன்று என்று கண்ணகி மறுத்துவிடுகிறாள். கனவுக்குப் பரிகாரம் சொன்னதும், அதைக் கண்டவள் மறுத்ததும் ஒரே காட்சியில் வருவதை நான் மிகப் பெரிதாக மதிக்கிறேன். தன் கனவின் பொருளைத் தீர்மானிக்கும் உரிமையை அவள் விட்டுக்கொடுக்கவில்லை.

மதுரைப் புறஞ்சேரியில் கோவலன் மாடலன் என்னும் மறையவனிடம் சொல்லும் கனவில் உருவம் கொஞ்சம் தெளிகிறது. ஓர் இழிந்த மனிதனால், அரசன் நகரில், தன் உடை பறிபோய், கொம்புள்ள விலங்கின் மேல் தான் ஏறிச் செல்வதாக நள்ளிரவில் கண்டேன் என்கிறான். அந்த மனிதன் யாரென்று கோவலனுக்குத் தெரியாது. நூலைப் படித்து முடித்த நமக்குத்தான் அவன் பொற்கொல்லன் என்று தெரிகிறது. இந்தக் கட்டத்தில் கனவுருவின் இயல்பு இதுதான்: பெயரும் கிடையாது, கேட்பதும் ஒன்றுமில்லை, வரப்போவதை முன்கூட்டிக் காட்டிவிட்டுப் போகிறது.

இந்தப் பார்வைக்கு இலக்கணம் வகுத்தது பொன்னவன் இயற்றிய கனாநூல். அடியார்க்குநல்லார் தம் சிலப்பதிகார உரையில் அதை மேற்கோள் காட்டுகிறார். இரவின் முதல் யாமத்தில் கண்ட கனவு ஓராண்டிலும், இரண்டாம் யாமத்தது எட்டு மாதத்திலும், மூன்றாம் யாமத்தது மூன்று மாதத்திலும், கடைசி யாமத்தது பத்து நாளிலும் பலிக்கும் என்பது அதன் கணக்கு. “விடியக்காலம் கண்டது பலிச்சிடும்” என்று இன்றும் ஊரில் சொல்வது இந்தக் கணக்கின் எச்சம். கும்பகோணம் கல்லூரியில் தமிழ் கற்பித்துக்கொண்டிருந்த உ.வே.சாமிநாதையர் 1892இல் சிலப்பதிகாரத்தை இந்த உரையோடு பதிப்பித்தார். பழைய கனவுக் கணக்கு அச்சுக்குப் போனதும் இந்தக் காவிரிக் கரையிலிருந்துதான். உலகின் பிற பகுதிகளிலும் இத்தகைய நூல்கள் உண்டு. கிரேக்க மொழியில் 2ஆம் நூற்றாண்டில் ஆர்ட்டெமிடோரஸ் எழுதினார். சரக சம்கிதை கனவை ஏழு வகையாக்கி, கண்டது, கேட்டது, அனுபவித்தது, வேண்டியது, கற்பித்தது ஆகிய ஐந்துக்கும் பலனில்லை என்று தள்ளியது.

பிரிவு நேர்ந்தது பக்திக் காலத்தில் என்பது என் துணிபு. அதற்கு முன்னோட்டம் மணிமேகலையில் இருக்கிறது: மாதவிக்குப் பிறந்த குழந்தைக்குத் தன் பெயரை இட்ட நாளில், நனவு போன்றதொரு கனவில் வந்து அவள் பெரிய தவக்கொடியாவாள் என்று தாயிடம் சொன்னதாக மணிமேகலா தெய்வம் கூறுகிறது. இங்கே உருவத்துக்குப் பெயர் உண்டு, பேச்சும் உண்டு. ஆனால் போக வேண்டிய இடம் இல்லை.

இடத்தைச் சொன்னது திருவாய்மூர். 7ஆம் நூற்றாண்டில் அப்பரும் சம்பந்தரும் திருமறைக்காட்டில், இன்றைய வேதாரண்யத்தில், மூடிக்கிடந்த கோயில் கதவின் முன் நின்று பாடினார்கள். அப்பர் நெடுநேரம் பாடித் திறந்த கதவு சம்பந்தரின் பாட்டுக்கு உடனே மூடிக்கொண்டது. அந்த வருத்தத்தோடு மடத்தில் படுத்த அப்பர் முன் பொன் மேனியில் வெண்ணீறு பூசிய ஒருவர் தோன்றி, வாய்மூரில் இருப்போம், தொடர்ந்து வா என்கிறார். அப்பர் எழுந்து பின்னால் நடக்கிறார். உருவம் அருகில் இருப்பது போலவே தெரிகிறது, நெருங்கினால் எட்டவில்லை. வாய்மூர் அருகே மறைந்துவிடுகிறது. இதைச் சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டில் பெரியபுராணத்தில் விரித்துச் சொன்னார் என்றாலும், தான் இருந்த இடத்தைத் தேடி வந்து அடையாளம் தந்துவிட்டுப் போனதாக அப்பரே தம் பதிகத்தில் பாடியிருக்கிறார். அடையாளம் என்ற சொல் முக்கியமானது. குறியைப் பார்த்து அதன் பலனுக்குக் காத்திருப்போம். அடையாளம் கிடைத்தால் காத்திருக்க முடியாது, எழுந்து போய்ப் பார்க்க வேண்டும்.

சுந்தரருக்கும் இப்படியே. திருவாலம்பொழிலில் அவர் உறங்கும்போது கனவில் இறைவன் வந்து, மழபாடிக்கு வர மறந்தாயோ என்று கேட்க, விழித்து ஆற்றைக் கடந்து வடகரை திருமழபாடிக்குப் போகிறார். இன்னும் நுட்பமானது சாத்தமங்கைத் திருநீலநக்கர் கதை. சிவலிங்கத்தின் மேல் விழுந்த சிலந்தியை அவர் மனைவி வாயால் ஊதித் தள்ளினாள். எச்சில் பட்டுவிட்டதென்று அவர் அவளைத் துறந்தார். அன்றிரவு கனவில் வந்தவர் தம் உடம்பைக் காட்டினார்: அவள் ஊதிய இடம் தவிர மற்ற இடமெல்லாம் சிலந்திக் கொப்புளம். இந்தக் கனவுக்கு விளக்கம் சொல்ல எந்தப் புலவனும் தேவைப்படவில்லை. வந்தவரின் மேனியே சாட்சி.

ஆனால் கனவில் வந்தவர் சொன்னதாக எழுதியவர் யார் என்று கேட்காமல் ஓர் ஆய்வாளர் இங்கே நகரக் கூடாது. பிறந்த குலத்தால் கோயிலுக்குள் நுழைய முடியாதிருந்த ஆதனூர் நந்தனாரைச் சுந்தரர் ஒரு பெயராக மட்டுமே போற்றினார். நம்பியாண்டார் நம்பி, அவர் தில்லையில் அருள் பெற்று முனிவரானதைச் சொன்னார். தீயில் மூழ்கி வரச் சொல்லும் கனவு, அதே இரவில் தில்லைவாழ் அந்தணருக்கும் வந்த கனவு என்பவை சேக்கிழாரிடம்தான் விரிகின்றன. அந்தக் கனவில் ஒலிப்பது தெய்வத்தின் குரலாக எனக்குக் கேட்கவில்லை. கோயில் வாசலில் நின்று தடுத்தவர்களின் குரல்தான் கேட்கிறது. கனவுருக்களின் வரலாற்றில் இது ஆறாத புண்.

அடுத்த கட்டத்தில், கனவில் வருபவர் தமக்கே இடம் கேட்கிறார். தஞ்சைக்குக் கிழக்கே புன்னைநல்லூர் மாரியம்மன் கோயில் வரலாறு இதற்குச் சிறந்த சான்று. மராட்டிய அரசர் வெங்கோஜி 1680இல் சமயபுரம் போயிருந்தபோது, அம்மன் கனவில் தோன்றித் தஞ்சைக்கு அருகே புன்னைக் காட்டில் தான் புற்றாக இருப்பதாகச் சொன்னாள் என்றும், அவர் திரும்பி வந்து காட்டைத் திருத்தி வழியமைத்துக் கூரை போட்டார் என்றும் அது கூறுகிறது. பின்னர் துளஜா மன்னர் (1728–1736) மகளுக்குக் கண்பார்வை மங்கியபோது அம்மன் ஓர் அந்தணச் சிறுமியாகக் கனவில் வந்து தன் சந்நிதிக்கு அழைத்தாள் என்றும், பார்வை திரும்பியது என்றும் சொல்வர். முதல் கனவைக் கண்டவர் யார் என்று பாருங்கள். மராத்தி பேசும் புதிய அரசர். குலதெய்வமோ தொலைவில் துளஜாபூர் பவானி. காவிரி மண்ணில் வேரில்லாத அவருக்கு, இந்த மண்ணின் புற்றே கனவில் வந்து இருப்பிடம் சொல்கிறது. புதிதாய் வந்தவரை ஊர் ஏற்றுக்கொண்டதற்கு இந்தக் கனவு ஒரு சாசனம். கடற்கரையில் வேளாங்கண்ணி மரபும் இதே வடிவில் இருக்கிறது: மோர் விற்ற கால் ஊனமுற்ற சிறுவன் நாகப்பட்டினம் ஓடிப்போய்க் கத்தோலிக்கப் பெரியவர் ஒருவரிடம் மாதா ஆலயம் கேட்ட செய்தியைச் சொல்கிறான், அவரோ முந்தின இரவே அதைக் கனவில் கண்டிருந்தார்.

அரசருக்கு வந்தது போலவே குடியானவர் வீட்டுக்கும் கனவில் ஆள் வருவதுண்டு. கல்யாணமாகாமல் இறந்த பெண் கன்னியாகவும், சுமங்கலியாக இறந்தவள் பூவாடைக்காரியாகவும் வீட்டுத் தெய்வமாகிறார்கள். என் பாட்டி வீட்டு உள்ளறையில், நெல் குதிருக்குப் பக்கத்துச் சுவரில் ஒரு மாடம் இருந்தது. அதில் ஓலைப்பெட்டி, பெட்டிக்குள் மடித்த சிவப்புப் பாவாடை, கருகமணி, நாலு கண்ணாடி வளையல். ஆண்டுக்கொரு முறை பழையதை எடுத்துப் புதியதை வைப்பார்கள். பாட்டியின் மாமியாருடைய கனவில் ஒரு பெண்குழந்தை மூன்று நாள் சேர்ந்தாற்போல் வந்து வாசற்படியில் நின்றதாம், உள்ளே வரவில்லையாம். யாரென்று தெரியாமல் பூக்கட்டிப் போட்டுப் பார்த்து, உடுக்கையடிப்பவரிடம் குறி கேட்டு, பிறகு யாருமே பேசாமல் விட்டிருந்த ஒரு பெயரைப் பாட்டியின் மாமனார் சொன்னார். அன்றைக்கு வைத்த பெட்டி அது.

இரவில் வரும் உருவங்களுக்கு மருத்துவமும் விளக்கம் சொல்கிறது. உறக்கத்தில் மார்மேல் ஏறி அமரும் உருவத்தை ஊரில் அமுக்குவான் பேய் என்பர். கனவு மிகும் உறக்கத்தில் தசைகள் தளர்ந்திருக்க, நினைவு மட்டும் முந்தி விழித்துக்கொள்வதால் அந்தப் பாரம் தோன்றுகிறது என்று மருத்துவம் விளக்குகிறது. அந்த உறக்க நிலை 1953இல் சிகாகோவில் கண்டறியப்பட்டது. பாரத்துக்கு அது சரியான விளக்கம். முகத்துக்கு விளக்கம் வேறிடத்தில் இருக்கிறது. 1900ஆம் ஆண்டு முத்திரையோடு வந்த தம் நூலில் ஃபிராய்டு கனவு கண்டவரின் இளமைக்குள் அந்த முகத்தைத் தேடினார். காவிரிக்கரை வீடுகள் அதைக் குடும்பத்தின் மறதிக்குள் தேடின. இரண்டாவது தேடல் அறிவில் குறைந்தது என்று நான் நினைக்கவில்லை.

புன்னைநல்லூரில் மூலவர் இன்றும் புற்றுமண். சதாசிவ பிரம்மேந்திரர் அந்த மண்ணுக்கு அம்மன் உருவம் கொடுத்தார் என்பது மரபு. மண் கரையும் என்பதால் மூலவருக்கு நீர் அபிஷேகம் கிடையாது. ஐந்தாண்டுக்கு ஒரு முறை ஒரு மண்டலம் தைலக்காப்பு. அந்த 48 நாளும் மூலவரைத் தரிசிக்க முடியாது. ஒரு வெண்திரையில் அம்மனை ஓவியமாக எழுதி, அதில் எழுந்தருளச் செய்து, அந்தத் திரைக்குத்தான் அர்ச்சனை நடக்கிறது.