மன்னரா, மன்றமா? ஒரு சபாநாயகர் கண்ட உள்நாட்டுப் போர்

1642ஆம் ஆண்டு ஜனவரி 4ஆம் தேதி. லண்டன் வெஸ்ட்மின்ஸ்டரில் மக்களவை கூடியிருந்த நேரம் அது. இங்கிலாந்து மன்னர் முதலாம் சார்ல்ஸ், ஆயுதம் ஏந்திய ஆட்கள் சூழ அங்கே வந்தார். ஆட்களைக் கதவுக்கு வெளியே நிறுத்திவிட்டு, தம் சகோதரி மகனை மட்டும் அழைத்துக்கொண்டு உள்ளே நுழைந்தார். ஜான் பிம், ஜான் ஹேம்ப்டன் உள்ளிட்ட ஐந்து உறுப்பினர்களைக் கைது செய்ய வேண்டும் என்பது அவர் நோக்கம். ஐவரும் முன்பே செய்தி அறிந்து தேம்ஸ் நதியில் படகேறித் தப்பிவிட்டனர்.

அவர்கள் எங்கே என்று சபாநாயகர் வில்லியம் லெந்தாலைக் கேட்டார் மன்னர். லெந்தால் மண்டியிட்டார். அவை ஆணையிட்டாலன்றி இவ்விடத்தில் தமக்குப் பார்க்கக் கண்ணும் இல்லை, பேச நாவும் இல்லை என்று பணிவோடு சொன்னார். லெந்தால் பெரிய வீரர் அல்லர். அவர் உறுதியற்றவர் என்பதே பலருடைய கணிப்பு. ஆனாலும் அன்று அவர் சொன்ன பதில் நிலைத்துவிட்டது.

மன்னரை இந்த அளவுக்குக் கொண்டுவந்தது எது? முதலில் பணம். வரி விதிக்க நாடாளுமன்றத்தின் சம்மதம் வேண்டும் என்பது பழைய மரபு. தாம் கடவுளுக்கு மட்டுமே பதில் சொல்லக் கடமைப்பட்டவர் என்பது சார்ல்சின் நம்பிக்கை. 1629இல் நாடாளுமன்றத்தைக் கலைத்தவர், 11 ஆண்டுகள் அதைக் கூட்டவே இல்லை. செலவுக்குப் பழைய ஏடுகளைத் தோண்டி வழி கண்டார். அவற்றில் ஒன்று கப்பல் வரி. ஆபத்துக் காலத்தில் கடலோர ஊர்கள் மட்டும் கொடுத்து வந்த அந்த வரியை, 1635இல் கடலையே பார்க்காத உள்நாட்டு ஊர்களுக்கும் விதித்தார். ஹேம்ப்டன் பணக்கார நிலக்கிழார். தம் பங்காக வந்த 20 ஷில்லிங்கைக் கொடுக்க மறுத்து வழக்காடினார். 12 நீதிபதிகளில் 7 பேர் மன்னர் பக்கம், 5 பேர் எதிர்ப்பக்கம். தீர்ப்பில் மன்னர் வென்றார். ஆனால் ஐந்து நீதிபதிகளே ஏற்காத வரி என்ற பேச்சு நாடெங்கும் பரவிவிட்டது.

ஸ்காட்லாந்தில் புதிய வழிபாட்டு நூலைத் திணிக்கப் போய்ப் போர் மூண்டது. போருக்குப் பணம் வேண்டி, 1640இல் நாடாளுமன்றத்தைக் கூட்ட வேண்டியதாயிற்று. மறு ஆண்டு அயர்லாந்தில் கிளர்ச்சி வெடித்தது. அதை அடக்கப் படை வேண்டும் என்பதில் இரு தரப்புக்கும் கருத்து வேற்றுமை இல்லை. படைக்குத் தலைமை யார் என்பதில்தான் உடன்பாடு இல்லை. படையை மன்னரிடம் கொடுத்தால் அது முதலில் நம்மீதுதான் பாயும் என்று உறுப்பினர்கள் அஞ்சினர். ஜனவரி 4ஆம் தேதி அந்த அச்சத்துக்குச் சார்ல்சே சான்று கொடுத்துவிட்டார்.

அதே ஆண்டு ஆகஸ்டில் நாட்டிங்ஹாமில் அரசக் கொடி ஏறியது. எட்ஜ்ஹில், மார்ஸ்டன் மூர் என்று சண்டைகள் தொடர்ந்தன. 1645இல் நேஸ்பியில் மன்னரின் முதன்மைப் படை நொறுங்கியது. இங்கிலாந்திலும் வேல்சிலும் மட்டும், போரிலும் அதோடு வந்த நோயிலும் மாண்டவர்கள் ஏறத்தாழ 2 லட்சம் பேர் என்பது ஆய்வாளர்களின் மதிப்பீடு. 20 ஷில்லிங்குக்கு வழக்காடிய ஹேம்ப்டனும் 1643இலேயே போர்க்காயத்தால் இறந்துபோனார்.

வென்ற நாடாளுமன்றம் தன் படைக்குச் சம்பளப் பாக்கியைத் தீர்க்காமலே அதைக் கலைக்கப் பார்த்தது. படையினர் கொதித்தனர். பட்னி தேவாலயத்தில் கூடி, ஏழைக்கும் வாக்குரிமை உண்டா என்று அதிகாரிகளோடு வாதாடும் அளவுக்கு அவர்கள் துணிந்துவிட்டிருந்தனர். 1648இல் சார்ல்ஸ் இரண்டாம் முறை போரைத் தூண்டியபோது, இனி அவரோடு பேச்சே இல்லை என்று படை முடிவு கட்டியது. நாடாளுமன்றமோ டிசம்பர் 5ஆம் தேதி, பேச்சைத் தொடரலாம் என்று 129க்கு 83 என்ற வாக்குகளில் தீர்மானித்தது.

மறுநாள் காலை அவைக்குப் போகும் வழியில் கர்னல் தாமஸ் பிரைட் கையில் பெயர்ப் பட்டியலோடு நின்றார். 40க்கு மேற்பட்ட உறுப்பினர்கள் கைதாயினர். நூற்றுக்கு மேற்பட்டோர் திருப்பி அனுப்பப்பட்டனர். மன்னர் தேடி வந்தது ஐந்து பேரை, கிடைத்தவர் எவருமில்லை. நாடாளுமன்றம் தனக்காகத் திரட்டிய படையோ ஒரே காலையில் அவையைக் காலி செய்துவிட்டது. அன்றும் சபாநாயகர் அதே லெந்தால்தான்.

எஞ்சிய உறுப்பினர்கள் மன்னரை விசாரிக்க 135 பேரை நியமித்தனர். பலர் வரவே இல்லை. படைத்தலைவர் ஃபேர்ஃபேக்ஸின் பெயர் வாசிக்கப்பட்டபோது, இங்கே வராத அளவுக்கு அவருக்கு அறிவு உண்டு என்று மேல்மாடத்திலிருந்து ஒரு பெண் குரல் கேட்டது. குரல் கொடுத்தவர் அவருடைய மனைவியே. எந்த அதிகாரத்தில் தம்மை விசாரிக்கிறீர்கள் என்பதையே சார்ல்ஸ் திரும்பத் திரும்பக் கேட்டார். சட்டமில்லாத பலம் சட்டம் இயற்றினால் எந்தக் குடிமகனின் உயிருக்கும் உடைமைக்கும் உறுதியில்லை என்றார். ஹேம்ப்டன் சொல்ல வேண்டிய சொல் அது. 11 ஆண்டுகள் அதைக் காதில் போட்டுக்கொள்ளாதவர் வாயிலிருந்து வந்தது. மரண ஆணையில் 59 பேர் கையெழுத்திட்டனர். 1649 ஜனவரி 30ஆம் தேதி கடுங்குளிர். நடுக்கத்தைப் பார்ப்பவர்கள் அச்சம் என்று எண்ணிவிடக்கூடாதென்று இரண்டு சட்டைகள் அணிந்து வெட்டுமேடை ஏறினார் சார்ல்ஸ்.

முடியாட்சி ஒழிந்தது. பிரபுக்கள் அவையும் ஒழிந்தது. ஆனால் 1653 ஏப்ரல் 20ஆம் தேதி, புதிய தேர்தலை இழுத்தடிக்கிறார்கள் என்று சினந்து, ஆலிவர் கிராம்வெல் துப்பாக்கி வீரர்களை அவைக்குள்ளேயே அழைத்தார். மன்னர்கூடத் தம் ஆட்களை வாசலில்தான் நிறுத்தியிருந்தார்! கோலாலம்பூரிலும் சிங்கப்பூரிலும் சபாநாயகர் முன் வைக்கப்படுகிறதே செங்கோல், அதன் மூல வடிவத்தைச் சுட்டி, இந்த விளையாட்டுப் பொருளைத் தூக்கிப் போங்கள் என்றார் கிராம்வெல். நாற்காலியை விட்டு இறங்க மறுத்த லெந்தாலை ஓர் அதிகாரி கைபற்றி இறக்கினார். அவை பூட்டப்பட்டது. அதே ஆண்டு இறுதியில் கிராம்வெல் நாட்டின் காவலர் என்ற பட்டத்தோடு ஆட்சியில் அமர்ந்தார்.

அவர் 1658இல் இறந்தார். 1660இல் சார்ல்சின் மகன் அரியணை ஏறினார். மறு ஆண்டு கிராம்வெல்லின் சடலத்தைத் தோண்டி எடுத்துத் தூக்கிலிட்டனர். நாடாளுமன்றத்தின் சம்மதமின்றி வரியும் இல்லை, அமைதிக் காலத்தில் நிலைப்படையும் இல்லை என்று சட்டம் எழுத 1689 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

மரண ஆணையில் கையெழுத்திட்டவர்களில் தாமஸ் ஸ்காட் என்ற உறுப்பினரும் ஒருவர். அவர் 1660இல் விசாரணைக்குக் கொண்டுவரப்பட்டார். மன்னரைக் கொன்றது சரியே என்று அவர் மக்களவைக்குள் பேசியதற்குச் சாட்சி தேவைப்பட்டது. சாட்சிக் கூண்டில் ஏறி அவர் பேசியதைச் சொன்னவர் வில்லியம் லெந்தால். ஸ்காட் அந்த அக்டோபரிலேயே கொல்லப்பட்டார்.