ஒரு நாள் சிறை, 2,000 ரூபாய்

1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில் அவமதிப்பு இரண்டு வகை. நீதிமன்ற ஆணையையோ நீதிமன்றத்துக்குத் தந்த உறுதிமொழியையோ வேண்டுமென்றே மீறினால் அது உரிமையியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் மாண்பைக் குலைக்கும்படி எழுதினால், பேசினால் அது குற்றவியல் அவமதிப்பு. மீறிய கைக்கு இல்லாத ‘குற்றம்’ எழுதிய கைக்கு வந்துவிடுகிறது. தமிழ் படித்தவள் என்பதாலோ என்னவோ, இந்தப் பெயரிடலை என்னால் கடந்துபோக முடியவில்லை. உச்சத் தண்டனை இரண்டுக்கும் ஒன்றுதான்: ஆறு மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். உரிமையியல் அவமதிப்பென்றால் அபராதமே பொதுவிதி; அது போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் சிறை.

1991 அக்டோபரில் உத்தரப் பிரதேச அரசு, அயோத்தியில் பாபர் மசூதியை ஒட்டி 2.77 ஏக்கர் நிலத்தைக் கையகப்படுத்தியது. அங்கே நிரந்தரக் கட்டுமானம் கூடாது என்று அலகாபாத் உயர்நீதிமன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது. முதல்வர் கல்யாண் சிங் தந்த உறுதிமொழிகளை நவம்பரில் உச்சநீதிமன்றம் பதிவு செய்துகொண்டது. 1992 ஜூலையில் அதே இடத்தில் கான்கிரீட் மேடை எழுந்தது. கட்டியவர்கள் சாதுக்கள், தடுத்தால் விபரீதமாகும் என்றது அரசுத் தரப்பு. உச்சநீதிமன்றம் அதை ஏற்கவில்லை. 1994 அக்டோபர் 24 அன்று தீர்ப்பு: ஒரு நாள் அடையாளச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். அதுவும் ஜூலை மேடைக்காக மட்டும். மசூதி டிசம்பர் 6 அன்றே தரைமட்டமாகியிருந்தது. அதற்கான அவமதிப்பு வழக்கு முப்பதாண்டு அளவுக்குக் கிடந்து, மனுதாரரும் கல்யாண் சிங்கும் இறந்தபின், 2022 ஆகஸ்டில் முடித்துவைக்கப்பட்டது.

அருந்ததி ராய் எந்த ஆணையையும் மீறவில்லை. நர்மதை அணைக்கு அனுமதி தந்த 2000ஆம் ஆண்டுத் தீர்ப்பை எதிர்த்து உச்சநீதிமன்ற வாசலில் நடந்த போராட்டம் தொடர்பாக, அவர்மீதும் மேதா பட்கர், பிரசாந்த் பூஷண் மீதும் வழக்கறிஞர்கள் சிலர் அவமதிப்பு மனு கொடுத்தார்கள். அந்த மனு நிற்கவில்லை. ஆனால் அதற்குப் பதிலாக ராய் தாக்கல் செய்த பிரமாணப் பத்திரத்தின் வாசகங்களே புதிய வழக்காயின. 2002 மார்ச் 6, மகளிர் நாளுக்கு இரண்டு நாள் முன்பு: ஒரு நாள் அடையாளச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். எதிர்மனுதாரர் பெண் என்பதைக் கருதிச் சட்டம் காட்டும் பெருந்தன்மை இது என்றது தீர்ப்பு. இனியாவது நல்லறிவு பெற்றுக் கலைக்கும் இலக்கியத்துக்கும் தொண்டாற்றட்டும் என்ற எதிர்பார்ப்பும் அதில் உண்டு. முதல்வருக்கும் அதே ஒரு நாள்தானே? அவருக்குக் காட்டியதற்கு என்ன பெயர்?

இடைக்கால ஆணை என்பது, தீர்ப்பு வரும்போது தீர்ப்பதற்கு ஏதாவது மிச்சமிருக்க வேண்டும் என்பதற்காக இடுவது. மேடையோ மசூதியோ மட்டுமல்ல, வீட்டைவிட்டுத் துரத்தப்பட்ட பெண்ணின் வழக்கிலும் இதே கணக்குத்தான். வழக்கு முடிய எத்தனை ஆண்டானாலும் அடுத்த மாத அரிசிக்கும் பிள்ளையின் பள்ளிக் கட்டணத்துக்கும் அவள் நம்பியிருப்பது ஓர் இடைக்கால ஆணையைத்தான். பெண்கள் இயக்கம் போராடிப் பெற்ற 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் இங்கேதான் வேறுபடுகிறது. அதன் 31ஆம் பிரிவில், இடைக்காலப் பாதுகாப்பு ஆணையை மீறுவதே குற்றம்: ஓராண்டு வரை சிறை, 20,000 ரூபாய் வரை அபராதம். ஆனால் இடைக்காலப் பராமரிப்புத் தொகையைத் தராமல் இழுத்தடிப்பவருக்கும் இந்தப் பிரிவு பொருந்துமா என்பதில் உயர்நீதிமன்றங்களுக்குள் ஒத்த கருத்து இல்லை.