வாய் திறக்க ஒரு மனு

நமக்கு லீவு என்றால் விடுமுறை. சிவில் கோர்ட்டில் அதற்கு அனுமதி என்று பொருள். செக், உண்டியல், புரோநோட்டு போன்றவற்றின் பேரில் பணம் கேட்டுப் போடும் சுருக்கமுறை வழக்கில், பிரதிவாதி நினைத்ததும் தன் பக்கத்தைச் சொல்லிவிட முடியாது. 'லீவ் டு டிஃபென்ட்' கேட்டு முதலில் மனுப் போட வேண்டும். கிடைக்காவிட்டால் சாட்சி கிடையாது, குறுக்கு விசாரணை கிடையாது. நேரே தீர்ப்புதான்.

கேட்க அநியாயமாகத்தான் இருக்கும். ஆனால் இதைக் கொண்டுவந்தவர்களிடமும் ஒரு நியாயம் இருந்தது. இங்கிலாந்தில் 1855இல் இதற்கென ஒரு சட்டம் வந்தது. பொய்யான, சாரமற்ற எதிர்வாதங்களைத் தடுப்பதே நோக்கம் என்று அதன் நீண்ட பெயரே சொல்லிவிடும். உண்டியல் பணம் மாதிரி கைமாற வேண்டிய காகிதம். கையெழுத்துப் போட்டவர் நாளைக் கடத்துவதற்காகவே வழக்காடினால் அதை அடுத்து யார் வாங்குவார்கள்?

அந்த முறை 1866இல் இந்தியாவுக்கு வந்தது. 1908ஆம் வருட சிவில் நடைமுறைச் சட்டத்தில் 37ஆவது ஆர்டராக உட்கார்ந்தது. கல்கத்தா, சென்னை, பம்பாய் உயர் நீதிமன்றங்கள் போன்ற சில இடங்களில்தான் அப்போது செல்லும். துறைமுக நகரங்களின் வியாபாரிகளுக்கான வழி அது. 1976ஆம் வருடத் திருத்தம் அதை மற்ற நீதிமன்றங்களுக்கும் விரித்தது.

இதில் என்னை மிகவும் யோசிக்க வைத்தது 1958இல் உச்ச நீதிமன்றம் சொன்ன ஒரு தீர்ப்பு. 60,000 ரூபாய் செக்கின் பேரில் டெல்லியில் வழக்கு. "சரக்குக்கு ஈடாகத்தான் அந்தச் செக்கைக் கொடுத்தோம். சரக்குக்கான பணத்தை ரொக்கமாகவும் வேறு செக்குகளாகவும் கட்டிவிட்டோம்" என்பது பிரதிவாதிகள் தரப்பு. விசாரிக்க வேண்டிய விஷயம்தான் என்று கீழ்க்கோர்ட் ஒப்புக்கொண்டது. ஆனால் ஆவணம் எதுவும் காட்டவில்லையே, அதனால் தொகைக்கு ஜாமீன் கட்டிவிட்டு வாதாடுங்கள் என்றது. நீதிபதி விவியன் போஸ் அந்த நிபந்தனையை நீக்கினார். நிரூபிக்கும் கட்டம் அனுமதி கிடைத்த பிறகுதானே வரும்? உள்ளே வருவதற்கு முன்பே ஆதாரத்தைக் கேட்டால் எப்படி?

நிபந்தனை என்பது சட்டப் புத்தகத்தில் ஒரு நடுவழி. முழுசாக மறுக்கவும் இல்லை, சும்மா விடவும் இல்லை. கையில் காசு இருப்பவருக்கு அது உண்மையிலேயே நடுவழிதான். இல்லாதவருக்கு? 'பணத்தைக் கட்டிவிட்டுப் பேசு' என்பதும் 'பேசாதே' என்பதும் அவருக்கு ஒன்றுதான். பொய் சொல்லும் பணக்காரர் கட்டிவிட்டு உள்ளே போவார். உண்மை சொல்லும் ஏழை வாசலிலேயே நிற்பார்.

2016இல் உச்ச நீதிமன்றம் இந்த விதிகளை மறுபடி வரிசைப்படுத்தியது. வலுவான எதிர்வாதம் இருந்தால் நிபந்தனையில்லாத அனுமதி. விசாரிக்க வேண்டிய கேள்வி இருந்தும் பிரதிவாதியின் நேர்மையில் சந்தேகம் வந்தால் நிபந்தனை போடலாம். ஆக, யாரும் சாட்சிக் கூண்டில் ஏறும் முன்பே, வெறும் பிரமாணப் பத்திரத்தைப் படித்து நேர்மையை எடைபோட வேண்டியிருக்கிறது.

வெற்றுச் செக்கில் கையெழுத்துப் போட்டு ஈடாகக் கொடுப்பது நம் ஊரில் ரொம்ப சாதாரணம். இந்த வழக்கில் சம்மன் வந்தால், ஆஜராவதைப் பதிவு செய்ய 10 நாள். பிறகு தீர்ப்புக்கான சம்மன் வந்தால், அனுமதி கேட்க இன்னொரு 10 நாள். முதல் 10 நாளைக் கோட்டைவிட்டால், பிராதில் இருப்பதெல்லாம் நீங்களே ஒப்புக்கொண்டதாகிவிடும்.