சின்னப்பா பிடித்த கம்பு

சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபா என்ற நாடகக் கம்பெனியைப் பற்றிச் சென்ற வாரம் பார்த்தோம். அந்தச் சபாவில் கொஞ்ச காலம் இருந்துவிட்டு, மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனிக்குப் போய்ச் சேர்ந்த ஒரு புதுக்கோட்டைப் பையனின் கதை இந்த வாரம்.

பெயர் சின்னசாமி. 1916 மே 5-இல் பிறந்தவர். தந்தை உலகநாத பிள்ளை நாடக நடிகர். பள்ளிப் படிப்பு நாலாம் வகுப்போடு நின்றது. குஸ்தி, சிலம்பம் என்றால் பையனுக்குச் சோறு தண்ணீர் வேண்டாம். பின்னாளில் பி.யு. சின்னப்பா என்று தமிழ்நாடே கொண்டாடியது இவரைத்தான்.

சினிமா வரலாறு எழுதுபவர்கள் சின்னப்பாவை எம்.கே. தியாகராஜ பாகவதரோடு ஜோடி சேர்த்து, ‘பாடகர்–நடிகர்’ என்ற பெட்டியில் போட்டு மூடிவிடுகிறார்கள். அது பாதி உண்மைதான். தமிழ்த் திரையில் கம்பும் வாளும் எடுத்துச் சுழற்றத் தெரிந்த கதாநாயகர்களின் வரிசை எம்.ஜி.ஆரிடம் தொடங்கவில்லை, அவருக்கு முன்னால் சின்னப்பா நிற்கிறார் என்பதே என் துணிபு.

எஸ்.எம். சச்சிதானந்தம் பிள்ளை நடத்திய ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனி பெயரில்தான் மதுரையோடு இருந்தது. மற்றபடி ஊர் ஊராகக் கொட்டகை போட்டு நாடகம் நடத்துவது அதன் வழக்கம். பையன்கள் கம்பெனி வீட்டிலேயே தங்கிச் சாப்பிட்டு, வாத்தியாரிடம் பாட்டும் வசனமும் ஆட்டமும் கற்றார்கள். எம்.ஜி.ஆர்., அவருடைய அண்ணன் சக்கரபாணி, காளி என். ரத்தினம் என்று பின்னாளில் திரையை ஆண்ட பலரும் அங்கே உருவானவர்கள். வயதில் எம்.ஜி.ஆரைவிடச் சின்னப்பா எட்டே மாதம் மூத்தவர். கம்பெனியிலோ வெகு சீக்கிரம் கதாநாயக வேடம் கட்டும் ராஜபார்ட் ஆகிவிட்டார். அவர் பாடியதைக் கேட்டு அசந்துபோன முதலாளி, 15 ரூபாய்ச் சம்பளத்தை ஒரே தூக்காக 75 ரூபாய் ஆக்கினார் என்று சொல்வார்கள்.

ஆனால் பாய்ஸ் கம்பெனிப் பையன்கள் எல்லோருக்கும் ஒரு கெடு இருந்தது. மகரக்கட்டு. வயது வந்து குரல் உடைந்துவிட்டால், மைக் இல்லாத மேடையில் கடைசி வரிசை வரை கேட்கும்படி உச்சஸ்தாயியில் பாட முடியாது. பாட முடியாதவன் ராஜபார்ட் கட்ட முடியாது. எத்தனையோ பிள்ளைகளின் பிழைப்பு அதோடு போனது. சின்னப்பாவுக்கும் குரல் உடைந்தது. கம்பெனியை விட்டு ஊர் திரும்பினார்.

அவர் வாழ்க்கையில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான். குரல் கைவிட்ட காலத்தில் அவர் உடம்பைப் பிடித்துக்கொண்டார். ஒருபுறம் முறைப்படி சங்கீதம் கற்றார். மறுபுறம் தேகப்பயிற்சி, குஸ்தி, கம்பு என்று இறங்கினார். எடை தூக்கிப் பரிசும் வாங்கினார்.

அவர் எடுத்த அந்தக் கம்புக்கும் ஒரு கதை உண்டு. 1801-இல் பாளையக்காரர்களை ஒடுக்கிய கையோடு கிழக்கிந்தியக் கம்பெனி அரசு தென்சீமையில் ஆயுதங்களைப் பறித்தது. வேலும் வாளும் துப்பாக்கியும் போன பிறகும் மூங்கில் கம்பு மட்டும் மிஞ்சியது. ஆடு மேய்ப்பவன் கையிலும் காவல்காரன் தோளிலும் இருப்பதை யார் பறிப்பது? மதுரைச் சீமையின் ஊர்களில் சிலம்பம் இன்றும் கோயில் திருவிழாவோடு ஒட்டியே நிற்கிறது. வாத்தியார் எடுத்த எடுப்பில் அடி சொல்லித் தருவதில்லை. முதலில் கால்மானம். எந்தக் காலை எங்கே வைப்பது, எப்போது மாற்றுவது என்பதிலேயே பல நாள் கழியும். கால் பழகிய பிறகுதான் நெற்றி உயரக் கம்பு கைக்கு வரும், வீச்சு வரும், எதிராளியின் அடியைத் தடுப்பது வரும். கால் தடுமாறாமல் நின்று திரும்பும் இந்தப் பழக்கம், ஒத்திகை பார்த்த நாடகச் சண்டைக்கும் பெரிய பலம்.

1936-இல் ஜூபிடர் பிக்சர்ஸ் ‘சந்திரகாந்தா’வைப் படமாக்கியபோது சின்னப்பாவுக்குச் சினிமா வாசல் திறந்தது. நாடகத்தில் அவர் கட்டிய அதே சுண்டூர் இளவரசன் வேடம். படத்தின் இயக்குநர் ராஜா சாண்டோவும் புதுக்கோட்டைக்காரர். தேகப்பயிற்சியில் பெயரெடுத்து, பம்பாய்க்குப் போய் மௌனப் படங்களில் நாயகனாக நடித்தவர். உடம்பை நம்பி வந்த ஒருவர், உடம்பை நம்பி வந்த இன்னொருவரைக் கேமரா முன் நிறுத்தினார்.

அதன் பிறகு வந்த சில படங்கள் கைகொடுக்கவில்லை. மனம் சலித்து ஒதுங்கியிருந்தவரை மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம் ‘உத்தம புத்திரன்’ (1940) படத்துக்கு அழைத்துவந்தார். நல்லவனும் கொடியவனுமாக இரட்டை வேடம். படம் பெரும் வெற்றி. ‘ஆர்யமாலா’வில் காத்தவராயன், ‘கண்ணகி’யில் கோவலன், ‘ஜகதலப்பிரதாப’னில் ஒரே காட்சியில் ஐந்து சின்னப்பா, ‘மங்கையர்க்கரசி’யில் மூன்று வேடம் என்று அடுத்த பத்தாண்டு ஓடியது. உடைந்த குரலும் இதற்குள் கணீரென்று திரும்பியிருந்தது. பாடவும் தெரியும், சண்டை போடவும் தெரியும் என்ற கதாநாயகன் அன்றைக்கு அபூர்வம்.

பழைய கம்பெனித் தோழர் எம்.ஜி.ஆர். இந்தக் காலம் முழுக்கச் சின்னச் சின்ன வேடங்களில் அலைந்துகொண்டிருந்தார். சின்னப்பாவை வைத்து எடுப்பதாக முதலில் பேசப்பட்ட ‘ராஜகுமாரி’ (1947), செலவைக் குறைக்க வேண்டி எம்.ஜி.ஆர். கைக்கு வந்தது. அவர் கதாநாயகனாக நடித்த முதல் படம் அது. அதில் தன்னோடு மோதும் சண்டை வேடத்தைச் சாண்டோ சின்னப்பா தேவர் என்ற வேறொரு நடிகருக்கே தர வேண்டும் என்று எம்.ஜி.ஆர். பிடிவாதம் பிடித்து வாங்கிக் கொடுத்தார். அப்படியும், 1949-இல் வந்த ‘ரத்னகுமா’ரில் நாயகன் சின்னப்பா, எம்.ஜி.ஆருக்குத் துணை வேடம்தான்.

1951 செப்டம்பர் 23-இல் சின்னப்பா காலமானார். வயது 35. ‘சுதர்சன்’ அவர் மறைந்த பிறகுதான் திரைக்கு வந்தது. பாகவதரும் சிறைவாசத்துக்குப் பிறகு பழைய இடத்தைப் பிடிக்க முடியாமல் இருந்த நேரம் அது. காலியான அந்த இடத்துக்கு ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியின் இன்னொரு பையன் வாளோடு வந்தார். 1956-இல் அவர் நடித்த ‘மதுரை வீரன்’ எப்படி ஊரைக் கலக்கியது என்பதை அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)