புலனம் செயலியின் எழுச்சி: குறுஞ்செய்திக் கட்டணமும் கைப்பேசி எண்ணும்

ஒரு செயலி உலகெங்கும் பரவியதற்கு அதன் தொழில்நுட்பப் புதுமையையே முதற்காரணமாகக் காட்டுவது பொதுவழக்கு. தமிழில் புலனம் எனச் சுட்டப்பெறும் வாட்ஸ்அப் செயலிக்கு இவ்விளக்கம் பொருந்துவதாக இல்லை. இணையவழிச் செய்திப் பரிமாற்றம் அதற்கு முன்பே வேரூன்றியிருந்தது. பிளாக்பெர்ரி கைப்பேசிகளில் 2005 முதலே அத்தகைய வசதி இருந்தது. எனவே புலனத்தின் வரலாற்றை அது தோன்றிய கலிபோர்னியாவிலிருந்து தொடங்குவதைவிட, அது வீழ்த்திய குறுஞ்செய்தியிலிருந்து தொடங்குவதே தகும்.

1992 டிசம்பர் 3 அன்று பிரிட்டனில் முதன்முதலில் அனுப்பப்பெற்ற குறுஞ்செய்தி, தொலைபேசி வலையமைப்பின் சமிக்ஞைத் தடத்தில் பயணம் செய்தது. நிறுவனங்களுக்கு அதனால் நேர்ந்த கூடுதல் செலவு மிகச் சிறிது. பயனரிடம் பெற்ற கட்டணமோ செய்திதோறும் தனித்தனி. ஒரு செய்தியின் கொள்ளளவு 140 பைட்டு. ஆங்கிலத்தில் இது 160 எழுத்துகளாகும். ஒருங்குறியில் அமையும் தமிழுக்குக் கிடைத்தவை 70 குறியீட்டிடங்களே. ‘தமிழ்’ என்னும் மூன்றெழுத்துச் சொல் ஐந்து இடங்களைக் கொள்ளும். தாய்மொழியில் எழுதியவர் அதே கருத்துக்கு ஒன்றுக்கு மேற்பட்ட செய்திகளின் கட்டணத்தைச் செலுத்த நேர்ந்தது. தமிழை ஆங்கில எழுத்தில் எழுதும் பழக்கம் பரவியதற்கு எழுத்துரு இன்மையோடு இக்கட்டண ஏற்றத்தாழ்வையும் சேர்த்தே எண்ண வேண்டும். இந்தியாவில் பண்டிகை நாள்களில் சலுகைத் திட்டங்கள் செல்லாதென நிறுவனங்கள் அறிவித்துவந்தன. 2011 செப்டம்பரில் இந்தியத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம், வணிகத் தொல்லைச் செய்திகளைத் தடுக்கும் நோக்கில் ஓர் எண்ணிலிருந்து நாளொன்றுக்கு 100 குறுஞ்செய்திகள் என வரம்பு விதித்தது. சில வாரங்களில் அது 200 ஆக உயர்த்தப்பட்டது. மாற்று வழிக்கான தேவையை இந்நெருக்கடிகள் மிகுவித்தன.

யாகூ நிறுவனத்தில் பணியாற்றி விலகிய ஜான் கோம், 2009 பிப்ரவரி 24 அன்று வாட்ஸ்அப் நிறுவனத்தைப் பதிவுசெய்தார். பிரையன் ஆக்டன் அவ்வாண்டிலேயே அவருடன் இணைந்தார். உக்ரைனிலிருந்து குடியேறிய கோமின் இளமை வறுமை இதழ்களால் பெரிதும் விரித்துரைக்கப்பட்டது. வரலாற்று நோக்கில் அதனினும் கருதத்தக்கது அவர் மேற்கொண்ட ஒரு முடிவு. புலனத்தில் பயனர்பெயரோ கடவுச்சொல்லோ தேவைப்படவில்லை. கைப்பேசி எண்ணே அடையாளமாயிற்று. முகவரிப் பட்டியலில் இருந்தவர்களே தொடர்பு வட்டமாயினர். தொடக்கத்தில் பயனரின் நிலைத்தகவலை அறிவிக்க மட்டுமே அமைந்த இச்செயலி, 2009 ஜூனில் ஆப்பிள் அறிவிப்பு வசதியை அளித்தபின் உரையாடற் கருவியாக உருமாறியது.

இதன் வழங்கிகள் எர்லாங் என்னும் நிரல்மொழியில் இயங்கின. அம்மொழி 1980களில் எரிக்சன் நிறுவனத்தில் தொலைபேசி இணைப்பகங்களுக்காக உருவாக்கப்பட்டது. தொலைபேசித் துறை தனக்கென வகுத்த கருவியே அத்துறையின் வருவாயைக் குலைக்கத் துணைநின்றது எனலாம். 2014 பிப்ரவரி 19 அன்று 1,900 கோடி டாலருக்கு முகநூல் நிறுவனம் இதனை வாங்குவதாக அறிவித்தபோது பயனர் 45 கோடியினர். பணியாளரோ ஏறத்தாழ 55 பேர்.

விளம்பரம் இல்லை என்பது நிறுவனர்களின் கொள்கையாக இருந்தது. இவ்விற்பனை அதனை நிலைகுலையச் செய்தது. இரு நிறுவனங்களின் பயனர் கணக்குகளையும் தானியங்கு முறையில் உறுதியாகப் பொருத்த இயலாது என இணைப்பின்போது கூறப்பட்டது. அது தவறான தகவல் எனக் கண்ட ஐரோப்பிய ஆணையம் 2017 மே மாதம் 11 கோடி யூரோ அபராதம் விதித்தது. அவ்வாண்டில் ஆக்டனும் 2018இல் கோமும் விலகினர்.

2016 ஏப்ரலில் முனைக்கு முனை மறையாக்கம் முழுமை பெற்றது. அதன்பின் செய்தியின் உள்ளடக்கத்தை நிறுவனமும் படிக்க இயலாது. அந்தரங்கத்தின் காப்பாக அமைந்த இவ்வமைப்பு வதந்தியின் மூலத்தையும் மறைத்தது. 2018இல் குழந்தைக் கடத்தல் பற்றிய பொய்ச்செய்திகளால் இந்தியாவின் பல பகுதிகளில் கும்பல் கொலைகள் நிகழ்ந்தன. திருவண்ணாமலை மாவட்டத்தில் மூதாட்டி ஒருவர் அடித்துக் கொல்லப்பட்டார். அவ்வாண்டு ஜூலையில் இந்தியாவில் ஒரு செய்தியை ஐந்து உரையாடல்களுக்கு மேல் ஒரே நேரத்தில் முன்னனுப்ப இயலாதவாறு வரம்பு இடப்பட்டது. கட்டண வரம்பிலிருந்து விடுபட்ட செய்தி, பிறிதொரு வரம்புக்குள் வந்தது. செய்தியை முதலில் அனுப்பியவரை அடையாளங்காட்ட வேண்டும் என்னும் 2021ஆம் ஆண்டுத் தகவல் தொழில்நுட்ப விதியை எதிர்த்து அந்நிறுவனம் தில்லி உயர்நீதிமன்றத்தை நாடியது. மறையாக்கத்தை உடைக்க வற்புறுத்தினால் இந்தியாவை விட்டு வெளியேற நேரும் என 2024 ஏப்ரலில் அங்கு அதன் தரப்பு வாதிட்டது.